கலக்கிவிட்டு எடுங்கள்

எங்கள் ஆய்வகத்தைப் பார்க்க வருபவர்கள் வரிசைப்படுத்தும் கருவியின் முன்னால்தான் அதிக நேரம் நிற்கிறார்கள். இரண்டு நாள் ஓயாமல் ஓடி, நூறு கோடிக் கணக்கில் டி.என்.ஏ. துண்டுகளைப் படித்துத் தரும் அந்த இயந்திரம் பார்க்கத் தக்கதுதான். ஆனால் அது எதைப் படிக்கப் போகிறது என்பது பல நாள்களுக்கு முன்பே, பக்கத்து அறையில், பனிக்கட்டியில் செருகி வைத்த ஒரு சிறு டியூபில் முடிவாகியிருக்கும். அந்த டியூபில் இருப்பது 50 மைக்ரோலிட்டர் திரவம். அரிசி களைந்த மூன்றாம் தண்ணீரைப் போல லேசாகக் கலங்கியிருக்கும். ஆய்வகத்தில் நாங்கள் அதைச் செல் சஸ்பென்ஷன் என்கிறோம். பள்ளிப் பாடநூல் தரும் சொல் ‘தொங்கல்’. செல்கள் திரவத்தில் கரையாமலும், அந்த நேரத்துக்கு அடியில் படியாமலும் தொங்கிக்கொண்டிருக்கும் நிலையை அந்தச் சொல் மிகச் சரியாகக் காட்டுவதால், இங்கும் அதையே பயன்படுத்துகிறேன்.

உப்புநீர் உண்மைக் கரைசல், பால் கூழ்மம், சுண்ணாம்புத் தூள் கலந்த நீர் தொங்கல் என்று மூன்றையும் வரிசையாகப் படித்திருப்போம். தொங்கலின் முதன்மைப் பண்பு, அசைக்காமல் விட்டால் துகள்கள் அடியில் தங்கிவிடும் என்பது. எவ்வளவு வேகத்தில் தங்கும் என்பதற்கு 1851-இல் ஜார்ஜ் கேப்ரியல் ஸ்டோக்ஸ் தந்த விதி இன்றும் எங்களுக்குப் போதுமானதாக இருக்கிறது: துகளுக்கும் திரவத்துக்கும் உள்ள அடர்த்தி வேறுபாடு, திரவத்தின் பாகுநிலை, துகளின் ஆரத்தின் வர்க்கம் ஆகிய மூன்றும் சேர்ந்து வேகத்தைத் தீர்மானிக்கின்றன. 10 மைக்ரான் விட்டமுள்ள ஒரு செல் அறை வெப்பநிலையில் நிமிடத்துக்கு ஏறத்தாழ 0.2 மில்லிமீட்டர் இறங்கும். இது அற்பமான வேகமாகத் தோன்றலாம். ஆனால் 50 மைக்ரோலிட்டர் திரவம் டியூபின் கூம்பு அடியில் நிற்கும் உயரமே நான்கைந்து மில்லிமீட்டர்தான். வேகம் விட்டத்தின் வர்க்கத்தைப் பொறுத்தது என்பதால், இரு மடங்கு பெரிய செல் நான்கு மடங்கு விரைவாக இறங்கும். இந்தக் கடைசி வாக்கியத்தை நான் காகிதத்தில் அல்லாமல் கையால் கற்றுக்கொண்ட நாளைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

வேலையில் சேர்ந்த முதல் ஆண்டு, ஒரு மருத்துவமனையிலிருந்து சுண்டுவிரல் நகம் அளவுள்ள கட்டித் திசு ஒன்று வந்தது. அதை நொதியில் ஊறவைத்துச் செல்களாகப் பிரித்து, வடிகட்டி, கழுவி, எண்ணிப் பார்த்தபோது மைக்ரோலிட்டருக்கு 1,100 செல்கள் இருந்தன. நூறில் தொண்ணூற்றிரண்டு உயிருடன் இருந்தன. மகிழ்ச்சியோடு டியூபைப் பனிக்கட்டியில் வைத்துவிட்டு, செல்களைத் தனித்தனித் துளிகளில் அடைக்கும் நுண்வாய்க்கால் சில்லைத் தயார் செய்யவும் வினைக் கலவையைச் சேர்க்கவும் போனேன். பன்னிரண்டு நிமிடம் கழித்துத் திரும்பி வந்து, பிப்பெட்டின் டிப்பை மேற்பரப்புக்குச் சற்றுக் கீழே வைத்து, வேண்டிய அளவை எடுத்துச் சில்லில் ஏற்றினேன். மீண்டும் கலக்கவில்லை. 8,000 செல்களை எதிர்பார்த்திருந்த இடத்தில் 2,900 வந்தன.

எண்ணிக்கை குறைந்ததைவிடப் பெரிய கேடு ஒன்று தரவுக்குள் இருந்தது. கிடைத்த செல்களில் பாதிக்கு மேல் டி செல்கள். ‘நோயெதிர்ப்புச் செல்கள் நிறைந்த கட்டி’ என்று ஆய்வுக் கூட்டத்தில் ஒருவர் சொன்னபோது அது உண்மையாகவே ஒரு கண்டுபிடிப்பைப் போல ஒலித்தது. எனக்குப் பயிற்சி தந்த அக்கா மட்டும், மீதமிருந்த தொங்கலைச் சாயமிட்டு எடுத்திருந்த படங்களைக் கொண்டுவரச் சொன்னார். அவற்றில் பெரிய புற்றுச் செல்கள்தான் பெரும்பான்மை. டி செல்கள் அடங்கும் லிம்போசைட் வகையின் விட்டம் சுமார் 7 மைக்ரான். அந்தப் புற்றுச் செல்களின் விட்டம் 15 மைக்ரானுக்குக் குறையாது. பன்னிரண்டு நிமிடத்தில் பெரியவை அடிக்குப் போயிருந்தன, சிறியவை மேலேயே இருந்தன, நான் மேலிருந்து எடுத்திருந்தேன். நோயாளியின் உடலில் இல்லாத ஒரு விகிதத்தை அந்த டியூபில் புவியீர்ப்பு உண்டாக்கியிருந்தது. பின்னால் வந்த எந்தக் கணினி நிரலாலும் அதை அடையாளம் காண முடிந்திருக்காது, ஏனென்றால் நிரலுக்குத் தெரிந்ததெல்லாம் நான் ஏற்றிய செல்கள் மட்டுமே. “எத்தனை தடவை எண்ணினாலும் சரிம்மா, எடுக்கிற நொடியில கலக்கலைன்னா அந்த எண் உன்னோடது இல்ல” என்றார் அக்கா. திசு மிச்சமில்லை. அதைத் தந்த நோயாளி ஒரு அறுவைக்கு உட்பட்டுத்தான் தந்திருந்தார் என்ற நினைவு பல மாதங்கள் என்னை விட்டுப் போகவில்லை.

இவ்வளவு நுணுக்கம் ஏன் தேவைப்படுகிறது என்பதைப் புரிந்துகொள்ள, ஒவ்வொரு செல்லையும் தனித்தனியாகப் படிக்கும் தனிச் செல் மரபணுவியல் எப்படி வளர்ந்தது என்பதைச் சற்றுப் பார்க்க வேண்டும். ஒரு திசுவை அப்படியே அரைத்து, எந்த மரபணுக்கள் இயங்குகின்றன என்று காட்டும் ஆர்.என்.ஏ.வை எடுத்தால் கிடைப்பது எல்லாச் செல்களின் சராசரி. அதற்குத் தொங்கல் தேவையில்லை. 2009-இல் கேம்பிரிட்ஜில் எலிக் கருவின் ஒரே ஒரு செல்லிலிருந்து ஆர்.என்.ஏ. வரிசையைப் படித்துக் காட்டினார்கள். அங்கே செல்லைக் கையாலேயே எடுத்தார்கள். பிறகு 2015-இல் டிராப்-சீக், இன்டிராப் என்ற இரு முறைகள் ஒரே நேரத்தில் வெளிவந்தபோது நிலைமை தலைகீழாக மாறியது. எண்ணெய்க்குள் நீர்த் துளிகளை வரிசையாக உண்டாக்கி, ஒவ்வொரு துளியிலும் ஒரு செல்லும் அடையாளக் குறி தாங்கிய ஒரு மணியும் அமையுமாறு செய்தால் ஆயிரக்கணக்கான செல்களை ஒரே நாளில் படிக்கலாம் என்றாயிற்று. டிராப்-சீக் கட்டுரையில் எலியின் விழித்திரையிலிருந்து மட்டும் 44,808 செல்கள் படிக்கப்பட்டிருந்தன. அன்று முதல், எந்தத் திசுவானாலும் அது ஓடும் திரவமாக மாறித்தான் கருவிக்குள் போக முடியும் என்ற கட்டாயம் வந்துவிட்டது.

துளிக்குள் செல் அமைவது தற்செயலின் கணக்கு. தொங்கல் சீராகக் கலந்திருந்தால் ஒரு துளியில் எத்தனை செல் அமையும் என்பது தற்செயல் நிகழ்வுகளின் எண்ணிக்கையைக் கணிக்கும் பாய்சான் பரவலைப் பின்பற்றும். எனவே ஒரு துளியில் இரண்டு செல்கள் அமையும் வாய்ப்பைக் குறைக்க, பெரும்பாலான துளிகள் வெறுமையாகவே போகும் அளவுக்குத் தொங்கலை நீர்த்துப் போகச் செய்கிறோம். அப்படியும் இரட்டைகள் வருகின்றன. பரவலாகப் பயன்பட்ட துளிச் சில்லு ஒன்றில் ஆயிரம் செல்லுக்கு ஏறத்தாழ 0.8 விழுக்காடு என்ற கணக்கில், 10,000 செல்களைப் பிடித்தால் சுமார் 8 விழுக்காடு இரட்டைகளாக இருக்கும். இந்தக் கணக்கு முழுவதும் ‘செல்கள் ஒன்றையொன்று சாராமல் மிதக்கின்றன’ என்ற ஓர் எடுகோளின் மீது நிற்கிறது. இரண்டு செல்கள் ஒட்டிக்கொண்டு மிதந்தால் எடுகோள் உடைந்துவிடும். அந்த ஒட்டிய இணை ஒரே செல்லாகப் பதிவாகி, கல்லீரல் செல்லின் மரபணுக்களையும் வெள்ளணுவின் மரபணுக்களையும் ஒருங்கே வெளிப்படுத்தும் ‘புதிய செல் வகை’யாக வேடமிட்டு வரும்.

செல்கள் இறங்கிவிடும் சிக்கலை அந்த முன்னோடிகளும் அறிந்திருந்தார்கள். டிராப்-சீக்கில் மணிகள் இருக்கும் சிரிஞ்சுக்குள்ளேயே ஒரு சிறு காந்தக் கலக்கி சுழன்றுகொண்டிருக்கும். இன்டிராப்பில் செல் தொங்கலுடன் அயோடிக்ஸனால் என்ற அடர்த்தி மிகுந்த கரைசலைச் சேர்த்து, திரவத்தின் அடர்த்தியைச் செல்லின் அடர்த்திக்கு அருகே உயர்த்திவிடுவார்கள். அடர்த்தி வேறுபாடு இல்லையென்றால் இறங்கும் விசையும் இல்லை. ஸ்டோக்ஸ் விதியின் ஓர் உறுப்பை மட்டும் பிடித்துத் திருப்பிய இந்தத் தீர்வு எனக்கு மிகவும் பிடித்தமானது.

இனி, திசு எப்படித் தொங்கலாகிறது என்பது. உடலில் செல்கள் தனித்தனியாக இருப்பதில்லை. இரத்தம் போன்ற சிலவே இயற்கையாகவே தொங்கல். மற்ற திசுக்களில் செல்களைக் கொலாஜன் போன்ற இழைகள் கட்டிவைத்திருக்கின்றன, பக்கத்துச் செல்களோடு கேட்ஹெரின் என்ற புரதங்கள் கைகோத்திருக்கின்றன. கொலாஜனேஸ், டிஸ்பேஸ், டிரிப்சின் போன்ற நொதிகள் இந்தக் கட்டுகளை அறுக்கின்றன. கேட்ஹெரின்கள் பிடிப்போடு இருக்கக் கால்சியம் வேண்டும் என்பதால், பிரித்த செல்களைக் கால்சியமும் மக்னீசியமும் இல்லாத பாஸ்பேட் உப்புநீரில் வைக்கிறோம். பிளாஸ்டிக் சுவரில் செல்கள் ஒட்டிக்கொள்ளாமல் இருக்க அதில் 0.04 விழுக்காடு மாட்டு ஆல்புமின் சேர்க்கிறோம். கால்சியத்தைப் பிடித்துக்கொள்ளும் இ.டி.டி.ஏ. என்ற வேதிப்பொருளைச் சேர்த்தால் செல்கள் இன்னும் அழகாகப் பிரியும். ஆனால் அதில் கொஞ்சம் மிஞ்சினாலும் மக்னீசியத்தைப் பிடித்துக்கொண்டு அடுத்த கட்டத்தில் ஆர்.என்.ஏ.வை டி.என்.ஏ.வாக மாற்றும் நொதியைச் செயலிழக்க வைக்கும். ஒரு கட்டத்துக்கு நல்லது அடுத்த கட்டத்துக்கு நஞ்சாவது இந்த வேலையில் அடிக்கடி நேரும்.

புதிதாக வருபவர்களை அதிகம் கலங்கடிப்பது செல்கள் திடீரெனச் சளி போலத் திரண்டுவிடுவது. நொதியைக் கூடுதல் நேரம் விட்டாலோ, பிப்பெட்டால் முரட்டுத்தனமாக அடித்தாலோ சில செல்கள் உடையும். உடைந்த செல்லிலிருந்து வெளிவரும் டி.என்.ஏ. நீண்ட நூலாகப் பரவி, பக்கத்திலிருக்கும் நல்ல செல்களையும் சேர்த்துப் பிணைத்துக்கொள்ளும். இதை விளக்க எனக்குக் கைகொடுப்பது தேற்றாங்கொட்டை. கலங்கிய ஆற்றுநீரைக் குடத்தில் ஊற்றுவதற்கு முன் உள்சுவரில் தேற்றாங்கொட்டையை உரைத்துவைப்பார்கள். அந்தக் கொட்டையிலிருந்து கரைந்து வரும் நீண்ட சங்கிலி மூலக்கூறுகள் மண் துகள்களை ஒன்றோடொன்று கட்டி, கனத்த திரள்களாக்கி, அடியில் இறக்கிவிட, மேலே நீர் தெளிந்து நிற்கும். உடைந்த செல்லின் டி.என்.ஏ. எங்கள் டியூபில் செய்வதும் ஏறத்தாழ அதே வேலைதான். பாட்டி வேண்டுமென்று செய்ததை நாங்கள் நேராமல் பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. அதனால்தான் டி.என்.ஏ.வை வெட்டும் டி.என்.ஏஸ் நொதியைச் சிறிதளவு சேர்க்கிறோம். 40 மைக்ரான் கண்ணுள்ள வடிகட்டியில் வடிக்கிறோம். அகன்ற வாயுள்ள டிப்புகளால் மெதுவாக ஏற்றி இறக்குகிறோம். சில பத்து மைக்ரான் அகலமே உள்ள சில்லின் வாய்க்காலில் ஒரு திரள் போய் அடைத்துக்கொண்டால் அந்த ஓட்டம் முழுவதும் வீண்.

உடைந்த செல் இன்னொரு தீங்கும் செய்கிறது. அதன் ஆர்.என்.ஏ. திரவத்தில் கலந்து, செல் இருக்கும் துளி, இல்லாத துளி என்ற வேறுபாடின்றி எல்லாத் துளிகளிலும் நுழைந்துவிடும். தரவைப் பகுப்பவர்கள் இதைச் ‘சூப்’ என்றே அழைக்கிறார்கள். சிவப்பணுக்கள் உடைந்த தொங்கலாக இருந்தால், நரம்புச் செல்கூட ஹீமோகுளோபின் தயாரிப்பது போலத் தரவில் தெரியும். சூப்பைக் கணக்கிட்டுக் கழிக்கும் நிரல்கள் உண்டு. ஆனால் டியூபில் இன்னொரு முறை மெதுவாகக் கழுவியிருந்தால் தேவைப்பட்டிராத கழித்தல் அது. கழுவுவதற்கும் விலை உண்டு என்பதையும் சொல்லியாக வேண்டும்: 300 மடங்கு ஈர்ப்பில் ஐந்து நிமிடம் சுழற்றி, மேல்நீரை எடுத்துவிட்டு மீண்டும் கலக்கும் ஒவ்வொரு முறையும் செல்களில் ஒரு பங்கு போய்விடும், அப்படிப் போவது எல்லா வகையிலும் சமமாகவும் போகாது.

தொங்கலாக்குவதே செல்லுக்கு ஓர் அதிர்ச்சி என்பதைத்தான் நான் மிக முக்கியமாகக் கருதுகிறேன். 2017-இல் நெதர்லாந்தின் ஹுப்ரெக்ட் நிறுவனத்தைச் சேர்ந்தவர்கள், எலியின் தசைக் குருத்தணுக்களில் தனியொரு துணை வகை போலத் தெரிந்த செல்கள், கொலாஜனேஸில் திசுவைப் பிரித்தபோது உண்டான செல் அழுத்தத்தின் விளைவே என்று காட்டினார்கள். ஃபாஸ், ஜூன் போன்ற மரபணுக்களும் வெப்ப அதிர்ச்சிப் புரதங்களின் மரபணுக்களும் 37 டிகிரியில் நொதி வேலை செய்யும் நேரத்திலேயே கிளர்ந்தெழுந்துவிடுகின்றன. செல்லின் கட்டுகளை அறுக்கும் அந்த ஒரு மணி நேரமும் செல் உயிரோடிருக்கிறது, தனக்கு நேர்வதை உணர்கிறது, அதற்கு எதிர்வினை எழுதுகிறது. நாங்கள் அந்த எதிர்வினையையும் சேர்த்தே படிக்கிறோம். அதே ஆண்டில், 6 டிகிரிக் குளிரிலும் வேலை செய்யும் புரதத்தை வெட்டும் பாக்டீரிய நொதியைக் கொண்டு எலியின் சிறுநீரகத்தைப் பிரித்து, இந்தக் கிளர்ச்சி வெகுவாகக் குறைவதை இன்னொரு குழு காட்டியது. இதற்குப் பிறகும் எத்தனையோ ஆய்வுக் கட்டுரைகளில் ‘திசு நொதியால் பிரிக்கப்பட்டது’ என்ற ஒற்றை வரியோடு செய்முறை முடிந்துவிடுவதைப் பார்க்கும்போது எனக்கு உண்மையாகவே வருத்தமாக இருக்கிறது. எந்த நொதி, எத்தனை நிமிடம், எந்த வெப்பநிலை, எத்தனை முறை சுழற்றல் என்பவை இல்லாமல் அந்தத் தரவை என்னால் நம்பிக்கையோடு படிக்க முடியவில்லை.

சில செல்கள் தொங்கலாகவே மறுக்கின்றன. இதயத்தசைச் செல் நூறு மைக்ரானுக்கும் மேல் நீளமானது. கொழுப்புச் செல் மிதந்துவிடும், எளிதில் வெடித்துவிடும். முதிர்ந்த நரம்புச் செல்லை அதன் நீண்ட கிளைகளோடு பிரித்தெடுக்க வழியில்லை. உறையவைத்த திசுவில் செல்சவ்வே கிழிந்திருக்கும். அங்கெல்லாம் செல்லை விட்டுவிட்டு நியூக்ளியஸ்களை மட்டும் பிரித்துத் தொங்கலாக்குகிறோம். 2020-இல் வெளிவந்த மனித இதய வரைபடம் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு: 14 கொடையாளர்களின் இதயங்களில் ஆறு பகுதிகளிலிருந்து, செல்களும் நியூக்ளியஸ்களுமாகச் சேர்த்து ஏறத்தாழ 5 லட்சம் படிக்கப்பட்டன. செல் தொங்கலை மட்டும் நம்பியிருந்தால், இதயத்தின் வரைபடத்தில் இதயத்தசைச் செல்லே இருந்திருக்காது.

எண்ணும் வேலையைப் பற்றி ஒரு சிறு குறிப்பு. தானியங்கி எண்ணிகள் வந்துவிட்ட பிறகும் நான் செல்களைக் கண்ணால் எண்ண உதவும் நியூபௌவர் கண்ணாடித் தட்டை வைத்திருக்கிறேன். அதன் ஒரு பெரிய சதுரம் 1 சதுர மில்லிமீட்டர், ஆழம் 0.1 மில்லிமீட்டர், ஆகவே அதற்குள் இருப்பது 0.1 மைக்ரோலிட்டர். இறந்த செல்களில் மட்டும் ஏறும் டிரிப்பன் நீலச் சாயம் கலந்த தொங்கலை அதில் விட்டு அரை நிமிடம் பொறுத்தால் செல்கள் எல்லாம் அடியில் இறங்கி ஒரே தளத்தில் தெளிவாகத் தெரியும். டியூபில் எங்களைக் கெடுக்கும் அதே இறக்கம் இங்கே உதவுகிறது. எண்ணோடு சேர்த்து, செல்களின் வட்டம், ஒட்டிய இணைகள், குப்பைத் துகள்கள், நீலமேறிய பிணங்கள் அனைத்தையும் கண்ணால் பார்க்க முடிவது எந்தக் கருவியின் அச்சுத் தாளையும்விட எனக்கு அதிகம் சொல்கிறது.

செல்லைக் கடந்த பிறகும் தொங்கல் விடுவதில்லை. டி.என்.ஏ.வைச் சுத்தம் செய்ய நாங்கள் நாள்தோறும் பயன்படுத்தும் காந்த மணிகளும் தொங்கலே. வெல்லப்பாகின் பழுப்பு நிறத்தில் இருக்கும். 1995-இல் வைட்ஹெட் நிறுவனத்தில் வகுக்கப்பட்ட இந்த முறையில், கார்பாக்சில் பூசிய மணிகளின் மீது பாலிஎத்திலீன் கிளைக்காலும் உப்பும் சேர்ந்து டி.என்.ஏ.வைப் படியவைக்கின்றன. புதியவர்கள் பெரும்பாலும் மணிகளின் எண்ணிக்கைதான் எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது என்று எண்ணுவார்கள். எந்த நீளத்துக்கு மேற்பட்ட டி.என்.ஏ. ஒட்டும் என்பதைத் தீர்மானிப்பது மணிகள் மிதக்கும் அந்தத் திரவத்துக்கும் மாதிரிக்கும் உள்ள விகிதம். 1.8 மடங்கு சேர்த்தால் சிறு துண்டுகளும் தங்கும், 0.8 மடங்காகக் குறைத்தால் அவை கழுவலோடு போய்விடும். பாகாக இருக்கும் அந்தத் திரவம் குளிரில் இன்னும் கெட்டியாகி, டிப்பின் வெளிப்புறத்தில் ஒட்டிக்கொண்டு அளவைக் கெடுக்கும் என்பதால், அரை மணி நேரம் அறை வெப்பநிலையில் வைத்து, நன்றாகக் கலக்கிவிட்டுத்தான் எடுக்கிறோம். எத்தனால் கழுவலுக்குப் பின் மணிகளை அதிகம் உலரவிட்டால், வறண்ட ஏரிப் படுகையைப் போல வெடிப்பு விழும். அதன் பிறகு டி.என்.ஏ. முழுதாகத் திரும்பி வராது.

டி.என்.ஏ. இழையை நுண்துளை வழியே செலுத்திப் படிக்கும் நானோதுளைக் கருவிகளில் இன்னொரு வகை மணி உண்டு. படிக்கவேண்டிய டி.என்.ஏ.வைத் துளைகள் இருக்கும் சவ்வின் அருகே இறக்கி வைப்பதே அதன் பணி; ஆகவே இறங்குவதற்கென்றே உருவான தொங்கல் அது. அதனாலேயே அது மிக விரைவில் அடியில் தங்கிவிடும். சேர்க்கும் கணத்துக்கு முன்புதான் அதைக் கலக்க வேண்டும் என்று செய்முறைத் தாளே அழுத்திச் சொல்கிறது. அத்தாளில் நான் மாணவர்களுக்குச் சிவப்பு மையால் அடிக்கோடிட்டுத் தரும் வரி அது ஒன்றுதான்.

அந்தக் கட்டித் திசு கைவிட்டுப் போன வாரத்தில், எங்கள் பதிவுத் தாளில் செல் எண்ணிக்கை, உயிர்ப்பு விழுக்காடு ஆகிய கட்டங்களுக்கு அடுத்து அக்கா ஒரு கட்டத்தைக் கையால் வரைந்தார்: ‘கடைசியாகக் கலக்கிய நேரம்’. பக்கத்திலேயே ‘ஏற்றிய நேரம்’. இரண்டுக்கும் இடையில் ஒரு நிமிடத்துக்கு மேல் இருந்தால், குமிழி எழாமல் பத்து முறை மெதுவாக ஏற்றி இறக்கிக் கலக்கி, நேரத்தை மாற்றி எழுதிய பிறகே டிப்பைச் சில்லுக்குக் கொண்டுபோக வேண்டும். தாள் இப்போது அச்சில் வருகிறது. அந்த இரண்டு கட்டங்களும் அதில் இருக்கின்றன.